கொலைக் கைதிக்குப் பரோல் எதற்கு? 14 ஆண்டில் விட்டுவிடுவார்களா?

கேள்வியின் சுருக்கம்: "என் சித்தப்பாவை வெட்டிக் கொன்றவருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. போன மாதம் மகள் கல்யாணம் என்று பரோலில் வந்து எங்கள் தெருவிலேயே நடமாடினார். எங்களுக்கு யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. 14 வருடம் ஆனால் மொத்தமாகவே வந்துவிடுவார் என்கிறார்கள். கொன்றவருக்கு இரண்டாவது வாய்ப்பு என்றால், செத்துப்போனவருக்கு என்ன வாய்ப்பு? இதெல்லாம் சட்டமா?"

உங்கள் கோபம் நியாயமானது. அதைத் தணிக்க வேண்டும் என்று நான் இதை எழுதவில்லை. நான் எந்தப் பக்கம் நிற்கிறேன் என்பதையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் சிறைவாசிகளின் லீவு (பரோல்) மனுக்களையும், தண்டனை முடியும் முன்பே விடுவிக்கக் கேட்கும் முன்விடுதலை வழக்குகளையும் நடத்துகிற வழக்கறிஞர் நான். உங்கள் சித்தப்பாவைக் கொன்றவரைப் போன்றவர்களுக்காக வாதாடியிருக்கிறேன். இனியும் வாதாடுவேன். அப்படிப்பட்ட ஒருவன் சொல்வதை எந்த அளவுக்கு ஏற்பது என்பதை நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள்.

என் கருத்து இதுதான். அவர் மகள் கல்யாணத்துக்கு வந்ததில் தவறில்லை. உங்களுக்குச் சொல்லாமல் விட்டது பெரிய தவறு. இந்த இரண்டையும் பிரித்துப் பார்க்காததால்தான் நம் ஊரில் பரோல் பற்றிய பேச்சு எல்லாமே சண்டையாகி நின்றுவிடுகிறது.

முதலில் பரோலைப் பார்ப்போம். வெளிநாட்டுப் படங்களில் வருகிற பரோல் வேறு. அங்கே ஒரு வாரியம் கைதியை விசாரித்து, மீதித் தண்டனையை வெளியே கண்காணிப்பில் கழிக்க அனுப்பும். நாம் பரோல் என்பது சில நாள் விடுப்பு, முடிந்ததும் சிறைக்குத் திரும்பியாக வேண்டும். சிறைக்குள் கைதிகளும் காவலர்களும் 'லீவு' என்றுதான் சொல்வார்கள். தமிழ்நாட்டில் இதற்கென்று 1982ஆம் ஆண்டின் தண்டனை நிறுத்திவைப்பு விதிகள் இருக்கின்றன. அதில் லீவு இரண்டு வகை.

ஒன்று அவசர கால விடுப்பு. அப்பா, அம்மா, மனைவி, கணவர், பிள்ளை, உடன்பிறந்தவர் இவர்களில் யாராவது இறந்தாலோ, உயிருக்குப் போராடினாலோ, பிள்ளைக்கோ உடன்பிறந்தவருக்கோ கல்யாணம் என்றாலோ கேட்கலாம். அதிகபட்சம் 15 நாள், அதையும் தவணைகளாகப் பிரித்துத்தான் எடுக்க முடியும். இன்னொன்று சாதாரண விடுப்பு. மூன்று ஆண்டு சிறையில் கழித்த பிறகுதான் இதைக் கேட்கவே முடியும். 21 முதல் 30 நாள் வரை கிடைக்கும். இதற்கான காரணங்களை விதியே வரிசையாகச் சொல்கிறது: குடும்பத்தின் பிழைப்புக்கு வழி செய்வது, பிள்ளைகளைப் பள்ளியில் கல்லூரியில் சேர்ப்பது, வீடு கட்டுவது அல்லது பழுது பார்ப்பது, கல்யாண ஏற்பாடு, பாகப்பிரிவினை மாதிரி குடும்பத் தகராறைத் தீர்ப்பது, விதைப்பு அறுவடை போன்ற விவசாய வேலைகள். இந்தப் பட்டியலை எழுதியவர் நம் கிராமத்து வாழ்க்கையை நன்றாகத் தெரிந்தவர் என்று எனக்கு எப்போதும் தோன்றும். அதில் ஒவ்வொரு காரணமும் கைதியைவிட அவர் வீட்டில் இருப்பவர்களுக்கே அதிகம் தேவைப்படுவது. கொலை செய்தது அவர். பள்ளியில் சேர வேண்டியது ஒரு பாவமும் அறியாத பிள்ளை.

இது கேட்டதும் கிடைத்துவிடுவதில்லை. கைதி சிறையில் மனுக் கொடுக்க வேண்டும். நன்னடத்தை அலுவலர் அவர் வீட்டுக்கும் ஊருக்கும் போய் விசாரித்து அறிக்கை தருவார். அந்த ஊர்க் காவல் நிலையத்திலிருந்து தனி அறிக்கை வரும். சாதாரண விடுப்பில் முடிவு பெரும்பாலும் சிறைத்துறை டிஐஜி கையில் இருக்கும். போலீஸ் அறிக்கையில் வழக்கமாக ஒரே வரிதான் இருக்கும்: "இவர் ஊருக்கு வந்தால் சட்டம் ஒழுங்கு பிரச்சினை ஏற்படும்" அல்லது "எதிர்தரப்பால் இவர் உயிருக்கு ஆபத்து". சில சமயம் அது முழு உண்மை. திருநெல்வேலி, தூத்துக்குடிப் பக்கம் ஒரு கொலைக்கு இன்னொரு கொலை என்று வருஷக்கணக்கில் போகும் பகை உண்டு, லீவில் வந்தவனை வெட்டிய சம்பவங்களும் உண்டு. பல சமயம் யாரும் ஊருக்கே போகாமல் எழுதப்பட்ட வரி அது. மனு நிராகரிக்கப்படும். மனைவியோ தாயோ உயர் நீதிமன்றத்துக்கு வருவார்கள். வழக்கு பட்டியலில் வரும்போது முகூர்த்தமே முடிந்திருக்கும். அப்பாவின் சாவுக்குக் கேட்ட லீவு பதினாறாம் நாள் காரியத்துக்குக் கிடைத்த குடும்பங்களை எனக்குத் தெரியும்.

லீவு கிடைத்தாலும் நிபந்தனைகள் உண்டு. குறிப்பிட்ட முகவரியில்தான் தங்க வேண்டும், காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட வேண்டும். ஆபத்தான வழக்கு என்றால் வழிக்காவலோடுதான் அனுப்புவார்கள், கல்யாணப் பந்தலில் மாப்பிள்ளை வீட்டார் முன்னால் இரண்டு போலீஸ்காரர் பக்கத்தில் நிற்க. நாள் தப்பினால் பிடித்து உள்ளே போடுவார்கள், அடுத்த லீவுக்கான வாய்ப்பும் போய்விடும்.

நீங்கள் கேள்விப்பட்டிருக்காத ஒன்று இருக்கிறது. லீவில் இருக்கும் நாட்கள் தண்டனையில் கழியாது. பெயரே தண்டனை 'நிறுத்திவைப்பு'. வெளியே இருக்கும்வரை கடிகாரம் நிற்கும். கோவா சிறைவாசிகள் தொடர்ந்த ரோகன் துங்கட் வழக்கில் 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் இதைத்தான் சொன்னது: முன்விடுதலைக்காக 14 ஆண்டைக் கணக்கிடும்போது பரோல் நாட்களைக் கழித்துவிட வேண்டும். அதாவது உங்கள் தெருவில் அவர் நடமாடிய நாட்களை எல்லாம் அவர் உள்ளே இருந்து அடைத்தாக வேண்டும். அதனால் உங்கள் வலி குறையாது என்று எனக்குத் தெரியும். ஆனால் 'தண்டனையில் தள்ளுபடி கொடுத்துவிட்டார்கள்' என்பது சரியில்லை.

இப்போது அந்த 14 ஆண்டு. டீக்கடை முதல் டிவி விவாதம் வரை எல்லோரும் சொல்கிற தவறு இது. ஆயுள் தண்டனை என்றால் 14 வருடம் என்று எந்தச் சட்டத்திலும் இல்லை. ஆயுள் என்றால் உயிர் உள்ளவரை. கோபால் கோட்சே வழக்கில் உச்ச நீதிமன்றம் 1961லேயே இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. 14 என்ற எண் பிரபலமானது பிறகு, 1978 டிசம்பரில். அதுவரை சில மாநிலங்கள் ஆயுள் கைதிகளை ஏழெட்டு வருடத்திலேயே விட்டுக்கொண்டிருந்தன. அதைத் தடுக்கக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 433ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். மரண தண்டனை வரை கொடுக்கக்கூடிய குற்றத்தில் ஆயுள் பெற்றவரை 14 ஆண்டு உண்மையாகச் சிறையில் கழிக்கும் முன் அரசு தன் தண்டனைக் குறைப்பு அதிகாரத்தைக் கொண்டு விடக் கூடாது என்பதுதான் அது. அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்திருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அதுவே 475ஆம் பிரிவு. ஆக, 14 என்பது ஒரு தடுப்புச் சுவர். அதைத் தாண்டியதும் கதவு தானாகத் திறக்காது. அரசு பரிசீலிக்கலாம் என்ற நிலை மட்டும்தான் வரும். அப்படிப் பரிசீலித்து நிராகரிக்கப்பட்டு 20, 25 ஆண்டுகளாக உள்ளே இருப்பவர்கள் இருக்கிறார்கள். 2015 டிசம்பரில் ஸ்ரீஹரன் வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு இன்னும் ஒரு படி போனது. தூக்குக்கு மாற்றாக இத்தனை ஆண்டு தண்டனைக் குறைப்பே கிடையாது என்று உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் தீர்ப்பிலேயே விதிக்கலாம் என்றது. அதனால் உங்கள் வழக்கின் தீர்ப்பை எடுத்து, அப்படி ஏதாவது இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

ஆனால் 433ஏ கட்டுப்படுத்தாத ஒரு வாசல் இருக்கிறது. அரசியல் சாசனத்தின் 161ஆம் பிரிவில் ஆளுநரின் பெயரில் மாநில அமைச்சரவை தண்டனையைக் குறைக்கலாம். 1980இல் மாரு ராம் வழக்கில் 433ஏ செல்லும் என்று தீர்ப்புச் சொன்ன உச்ச நீதிமன்றம், இந்த அதிகாரத்தை அது தொடாது என்றும் சொன்னது. தலைவர்களின் பிறந்தநாளுக்குத் தமிழ்நாட்டில் நடக்கும் கூட்டு விடுதலைகள் இந்த வழியில்தான் நடக்கின்றன. 2008 செப்டம்பரில் அண்ணா நூற்றாண்டுக்கு 1,405 ஆயுள் கைதிகள் விடுதலையானார்கள். ஏழு ஆண்டு முடித்திருந்தாலே போதும் என்பது அப்போதைய அளவுகோல். 2018இல் எம்ஜிஆர் நூற்றாண்டுக்குப் பத்து ஆண்டு என்றார்கள். 2021இல் அண்ணா பிறந்தநாளை ஒட்டி 700 பேர் என்று முதல்வர் அறிவித்தார்.

இந்தப் பிறந்தநாள் விடுதலைகளால் நான் வாதாடிய கைதிகள் பலர் பயன் அடைந்திருக்கிறார்கள். இருந்தாலும் இந்த முறை எனக்குப் பிடிக்கவில்லை. ஒருவர் திருந்தியிருக்கிறாரா, வெளியே வந்தால் யாருக்கு ஆபத்து, யார் வயிறு எரியும் என்பதையெல்லாம் ஆளாளுக்குத் தனியாகப் பார்க்க வேண்டிய விஷயம் இது. ஒரு தலைவரின் நூற்றாண்டு எந்த வருடத்தில் விழுகிறது என்பதற்கும் அதற்கும் என்ன சம்பந்தம்? அடுத்த வருடம் பத்து ஆண்டை முடிக்கப் போகிறவன், நூற்றாண்டு முடிந்துபோன காரணத்தால் இன்னும் பல வருடம் உள்ளே கிடப்பான்.

இதன் கொடுமை முழுதாகத் தெரிந்தது மேலவளவில். மதுரை மாவட்டத்தில் மேலூருக்குப் பக்கத்து ஊர். ஊராட்சித் தலைவர் பதவி தலித்துகளுக்கு ஒதுக்கப்பட்டதைப் பொறுக்க முடியாதவர்கள், 1997 ஜூன் 30 அன்று பேருந்தை மறித்து, தலைவர் முருகேசன் உட்பட ஆறு பேரை வெட்டிக் கொன்றார்கள். 17 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்து, அது உச்ச நீதிமன்றம் வரை உறுதியானது. அதில் மூன்று பேர் 2008இல் அண்ணா நூற்றாண்டில் வெளியே வந்தார்கள். 2019 நவம்பரில் எம்ஜிஆர் நூற்றாண்டுத் திட்டத்தில் மேலும் 13 பேர் விடுதலை. ஊரே கொதித்தது. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் வழக்கு வந்தது, நீதிபதிகள் அரசைக் கடுமையாகக் கேள்வி கேட்டார்கள். சாதியின் பெயரால் கூட்டாகத் திட்டமிட்டுச் செய்த கொலையையும், குடிபோதைத் தகராறில் நடந்த கொலையையும் ஒரே அரசாணையில் ஒரே தட்டில் வைக்கிறது இந்த முறை. ஆறு குடும்பங்களைக் கேட்டாக வேண்டும் என்ற கட்டாயம் சட்டத்தில் எங்கும் இல்லை. அந்தக் குடும்பங்கள் அடைந்த அதிர்ச்சியின் சிறிய வடிவம்தான் உங்கள் தெருவில் நடந்தது.

குஜராத்தின் பில்கிஸ் பானு வழக்கு உங்களுக்குத் தெரிந்திருக்கும். 2002 கலவரத்தில் அவரைக் கூட்டு வன்கொடுமை செய்து, அவருடைய குழந்தை உட்படக் குடும்பத்தினரைக் கொன்ற 11 பேரை 2022 ஆகஸ்ட் 15 அன்று குஜராத் அரசு விடுவித்தது. அதற்குப் பயன்படுத்தியது 1992ஆம் ஆண்டின் பழைய கொள்கை. விசாரணை நடந்ததோ மும்பையில். தண்டனை விதித்த நீதிமன்றம் எந்த மாநிலத்தில் இருக்கிறதோ அந்த அரசுக்குத்தான் அதிகாரம் என்று சட்டமே சொல்கிறது. மும்பை நீதிமன்றம் விடுவிக்கக் கூடாது என்று கருத்துச் சொல்லியிருந்தது, அதைப் பொருட்படுத்தவில்லை. 2024 ஜனவரி 8 அன்று உச்ச நீதிமன்றம் அந்த விடுதலையை ரத்து செய்து, இரண்டு வாரத்தில் சரணடையச் சொன்னது. பாதிக்கப்பட்ட ஒரு பெண்ணே நேரடியாக வழக்குப் போட்டு வென்றார் என்பதை உங்கள் விஷயத்துக்காக நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் அதற்கு வருகிறேன்.

இப்போது பரோலின் மறுபக்கம். ஹரியானாவில் குர்மீத் ராம் ரஹீம் என்ற மடத் தலைவர், தன் பெண் சீடர்கள் இருவரைப் பாலியல் வன்கொடுமை செய்ததற்காக 2017இல் 20 ஆண்டு தண்டனை பெற்றவர். ஒரு பத்திரிகையாளர் கொலையில் 2019இல் ஆயுள் தண்டனையும் பெற்றார். 2022 பிப்ரவரியில், பஞ்சாப் தேர்தலுக்கு இரண்டு வாரம் இருக்கும்போது 21 நாள் விடுப்பு. அதே அக்டோபரில் 40 நாள். 2023 ஜனவரியில் மறுபடியும் 40 நாள். இப்படிப் போய்க்கொண்டே இருந்ததில், 2024 பிப்ரவரியில் பஞ்சாப் ஹரியானா உயர் நீதிமன்றமே, இனிமேல் எங்களைக் கேட்காமல் இவருக்குப் பரோல் கொடுக்கக் கூடாது என்று சொல்ல வேண்டி வந்தது. அதே காலத்தில் தாயின் சாவுக்கு மூன்று நாள் லீவு கேட்டு அலையும் ஏழைக் கைதிகள் ஒவ்வொரு மாநிலத்திலும் இருந்தார்கள். மடத்தலைவருக்குக் கிடைப்பதைப் பார்த்து நமக்கு வரும் கோபம், எந்தச் செல்வாக்கும் இல்லாத இந்த ஆள் தலையில்தான் போய் விழுகிறது. 'பரோலையே ஒழியுங்கள்' என்று குரல் எழும்போது, மடத்தலைவருக்குப் பெரிய நஷ்டம் ஒன்றுமில்லை, அவர் வேறு வழி கண்டுபிடித்துக்கொள்வார். மாட்டிக்கொள்வது மற்றவர்கள்தான்.

சரி, கொலை செய்தவரை எதற்காக வெளியே விட வேண்டும்? உங்கள் கேள்வியின் மையம் இதுதான், இதைத் தட்டிக் கழிக்க மாட்டேன்.

என் அனுபவத்தில் ஆயுள் கைதிகளில் பெரும்பாலோர் வாழ்க்கையில் ஒரே ஒரு குற்றம் செய்தவர்கள். வரப்புத் தகராறு, பங்காளிச் சண்டை, மனைவி மேல் சந்தேகம், குடிபோதை, சாதி ஆத்திரம். 25 வயதில் அரிவாள் எடுத்தவர், 40 வயதில் தலை நரைத்து, மனுப் பார்க்க வரும் மகனிடம் படிப்பைப் பற்றிக் கேட்கிற ஆளாக மாறியிருக்கிறார். (சிறைக்குச் சென்று கைதியைப் பார்ப்பதை எங்கள் பக்கம் 'மனுப் பார்ப்பது' என்பார்கள்.) அவரை மேலும் 20 ஆண்டு உள்ளே வைப்பதால் ஊருக்கு என்ன பாதுகாப்பு கூடுகிறது என்பதை ஒரு கட்டத்தில் கேட்டுத்தான் ஆக வேண்டும். 2000இல் லக்ஷ்மண் நஸ்கர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கான கேள்விகளை வகுத்துக் கொடுத்தது. அந்தக் குற்றம் சமூகத்தையே பாதித்ததா, தனிப்பட்ட பகையா? மறுபடி செய்ய வாய்ப்பு இருக்கிறதா? குற்றம் செய்யும் தன்மை அவரிடம் வடிந்துவிட்டதா? இனியும் அடைத்து வைப்பதில் பயன் உண்டா? அவர் குடும்பத்தின் நிலை என்ன? நேர்மையாகக் கேட்டால் நல்ல கேள்விகள். மேலவளவுக் கூட்டத்துக்கு முதல் கேள்வியிலேயே பதில் கிடைத்துவிடும்.

இதில் பரோலுக்கு ஒரு பங்கு இருக்கிறது. ஒருவரை 15 வருடம் வெளி உலகமே காட்டாமல் வைத்து, ஒரு நாள் காலையில் பையோடு வாசலில் நிறுத்தினால், அவர் எப்படி நடந்துகொள்வார் என்று யாருக்கும் தெரியாது. பல தடவை லீவில் வந்து, சொன்ன நாளில் திரும்பிப் போனவர் என்றால் நம்பிக் கணக்குப் போடலாம். ஊரும் அவரைப் பார்த்திருக்கும், போலீசும் பார்த்திருக்கும். 2017இல் அஸ்ஃபாக் என்ற ராஜஸ்தான் கைதியின் வழக்கில், குடும்பத் தொடர்பு அறுந்துபோகாமல் இருக்கத்தான் பரோல் என்றும், அதைத் தவறாகப் பயன்படுத்தக்கூடிய தேர்ந்த குற்றவாளிகளுக்கு மறுக்கலாம் என்றும் உச்ச நீதிமன்றம் இரண்டையும் சேர்த்தே சொன்னது.

ராஜீவ் காந்தி கொலை வழக்கின் பேரறிவாளனை எடுத்துக்கொள்ளுங்கள். 1991 ஜூனில், 19 வயதில் கைது. தூக்குத் தண்டனை, அது 2014 பிப்ரவரியில் ஆயுளாகக் குறைந்தது, கருணை மனுவை 11 ஆண்டு கிடப்பில் போட்டதற்காக. முதல் பரோல் கிடைத்தது 2017 ஆகஸ்டில், 26 ஆண்டுக்குப் பிறகு, உடல்நலம் இல்லாத அப்பாவைப் பார்க்க. அவரை விடுவிக்கலாம் என்று தமிழக அமைச்சரவை 2018 செப்டம்பரில் தீர்மானம் போட்டது. ஆளுநர் முடிவெடுக்காமல் ஆண்டுக்கணக்கில் வைத்திருந்தார். கடைசியில் 2022 மே 18 அன்று உச்ச நீதிமன்றம், முழு நீதி வழங்க அரசியல் சாசனம் தனக்குத் தந்திருக்கும் 142ஆம் பிரிவைப் பயன்படுத்தி நேரடியாக விடுவித்தது. அமைச்சரவை ஆலோசனைக்கு ஆளுநர் கட்டுப்பட்டவர் என்பதோடு, சிறையில் அவருடைய நடத்தை, படிப்பு எல்லாவற்றையும் தீர்ப்பு கணக்கில் எடுத்தது. அவருடைய விடுதலையை நான் வரவேற்றேன். ஸ்ரீபெரும்புதூரில் அன்று இறந்த காவலர்கள், பொதுமக்களின் குடும்பங்கள் வருந்தினார்கள், அவர்கள் வருத்தமும் பொய்யில்லை. ஆனால் இதில் மிகவும் உறுத்துவது, ஒரு முடிவு எடுக்க ஆன காலம். கொடுப்பதாக இருந்தாலும் மறுப்பதாக இருந்தாலும் காரணம் சொல்லி, காலத்தில் சொல்லியிருந்தால் இரண்டு தரப்பும் அதோடு வாழப் பழகியிருக்கும்.

பெயர் தெரியாத கைதிகளுக்கு இன்னும் மோசம். தங்களுக்கு முன்விடுதலை கேட்கத் தகுதி வந்துவிட்டது என்பதே பலருக்குத் தெரியாது. இதில் ஒரு நல்ல மாற்றம் வந்திருக்கிறது. 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், முன்விடுதலைக் கொள்கை இருக்கிற மாநிலங்களில் கைதி மனுப் போட வேண்டும் என்று காத்திருக்கக் கூடாது, தகுதி வந்த எல்லோரையும் அரசே தானாகப் பரிசீலிக்க வேண்டும் என்று உத்தரவிட்டது. கொள்கை இல்லாத மாநிலங்கள் ஒன்றை வகுக்க வேண்டும் என்றும் சொன்னது. பிறந்தநாள் பட்டியல்களுக்குப் பதில் இந்த வழி வேரூன்றினால் எனக்கு மகிழ்ச்சி.

வெளியே வந்த பிறகு நடப்பதைப் பற்றி யாரும் பேசுவதில்லை. ரேஷன் கார்டில் பெயர் நீக்கப்பட்டிருக்கும். வங்கிக் கணக்கு முடங்கியிருக்கும். ஆண்ட்ராய்டு போனைத் தொட்டே பார்த்திருக்க மாட்டார். ஊருக்குப் போனால் பகை, போகாவிட்டால் வேலை இல்லை. தமிழ்நாட்டில் விடுதலையான கைதிகளுக்கு உதவ நூறாண்டுப் பழமையான சங்கம் ஒன்று இருக்கிறது. சிறைத்துறை இந்தியன் ஆயிலோடு சேர்ந்து 'ஃப்ரீடம்' என்ற பெயரில் பெட்ரோல் பங்குகள் நடத்துகிறது. புழல் பக்கம் பெண் சிறைவாசிகளே நடத்துகிற பங்கு 2023இல் வந்தது. அங்கே பெட்ரோல் போட்டிருப்பீர்கள், காசு வாங்கியவர் ஆயுள் கைதி என்று தெரியாமலே. சிவகங்கை மாவட்டம் புரசடைஉடைப்பில் திறந்தவெளிச் சிறை இருக்கிறது, விவசாயம் செய்கிறார்கள். நல்ல முயற்சிகள்தான், ஆனால் வெளியே வரும் கூட்டத்துக்கு முன்னால் மிகச் சிறியவை.

அப்புறம் ஒரு சிறு குறிப்பு. இரண்டாவது வாய்ப்பு பற்றிப் பேசும்போது நாம் தண்டனை பெற்றவர்களையே நினைக்கிறோம். 2022 கணக்கின்படி இந்தியச் சிறைகளில் இருந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். நான்கில் மூன்று பேர். குற்றவாளியா இல்லையா என்றே தீர்மானிக்கப்படாதவர்கள். பரோல் பற்றி அவர்களிடம் பேச முடியாது, அவர்களுக்கு முதல் வாய்ப்பே இன்னும் வரவில்லை.

இனி உங்களுக்கு வருகிறேன். செத்துப்போனவருக்கு என்ன வாய்ப்பு என்று கேட்டீர்கள். அதற்கு நேர்மையான பதில், எதுவும் இல்லை என்பதுதான். அவரைக் கொன்றவரை எத்தனை வருடம் உள்ளே வைத்தாலும் அந்த இடம் நிரம்பாது. ஆனால் உயிரோடு இருக்கும் உங்களுக்குச் சட்டம் செய்ய வேண்டியது நிறைய இருக்கிறது, அதை இன்னும் சரியாகச் செய்யவில்லை. சிறைவாசிகளின் கூலியில் ஒரு பங்கை எடுத்துப் பாதிக்கப்பட்டவர்களுக்கான நிதியில் போட வேண்டும் என்று 1998லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. தமிழ்நாட்டில் அப்படிப் பிடித்தமும் செய்கிறார்கள். அப்படி ஒரு நிதி இருப்பதே உங்களைப் போன்ற குடும்பங்களில் பலருக்குத் தெரியாது. லீவு கொடுக்கும் முன் கைதியின் வீட்டை விசாரிக்கிற அலுவலர், அதே தெருவில் இருக்கும் உங்கள் வீட்டுக் கதவையும் தட்ட வேண்டும் என்பதை விதியாக்க வேண்டும். அதற்காக நான் எந்த மேடையிலும் பேசத் தயார்.

அதுவரை நீங்கள் செய்யக்கூடியவை இவை. அவர் எந்த மத்தியச் சிறையில் இருக்கிறார் என்று தெரிந்துகொண்டு, அதன் கண்காணிப்பாளருக்கு ஒரு மனு எழுதுங்கள். நகல்களை மாவட்ட எஸ்பிக்கும், நன்னடத்தை அலுவலருக்கும், சிறைத்துறை டிஐஜிக்கும் அனுப்புங்கள். வழக்கு எண், நீதிமன்றம், தீர்ப்புத் தேதி இவற்றைக் குறிப்பிட்டு, இனி அவருக்கு லீவோ முன்விடுதலையோ பரிசீலிக்கும்போது எங்களுக்குத் தகவல் தந்து எங்கள் கருத்தைக் கேட்க வேண்டும் என்று எழுதுங்கள். 2022 ஏப்ரலில், உத்தரப் பிரதேசத்தில் விவசாயிகள் மீது கார் ஏற்றிய லக்கிம்பூர் கேரி வழக்கின் ஜாமீன் தீர்ப்பில், குற்ற வழக்கின் ஒவ்வொரு கட்டத்திலும் பாதிக்கப்பட்டவர்களுக்குப் பேச உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதை மனுவில் மேற்கோள் காட்டுங்கள். அவர் மிரட்டினார், முறைத்தார், சாட்சி சொன்னவர் வீட்டுக்கு முன் நின்றார் என்று எது நடந்திருந்தாலும் தேதியோடு எழுதுங்கள். எதுவும் நடக்காவிட்டால் நடந்ததாக எழுதாதீர்கள். பொய் ஒன்று இருந்தால் மனு முழுவதும் வீணாகும். சாட்சிகளுக்குப் பயம் இருந்தால் 2018ஆம் ஆண்டின் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தில் தனியாக விண்ணப்பிக்கலாம். இழப்பீடு இதுவரை வாங்கவில்லை என்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகத்துக்குப் போங்கள், அங்கே வழக்கறிஞருக்குக் காசு கேட்க மாட்டார்கள். முன்விடுதலை அரசாணை வந்துவிட்டால், தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் அதன் நகலைக் கேளுங்கள். அதில் விதி மீறல் இருந்தால் பில்கிஸ் பானுவைப் போல நீங்களே அதை எதிர்த்து ரிட் மனு போடலாம்.

மனுவை ஸ்பீட் போஸ்டில், சேர்ந்ததற்கான சான்றோடு அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் நகலில் முத்திரையும் தேதியும் வாங்காமல் வந்துவிடாதீர்கள். நாளை நீதிமன்றத்தில் 'இவர்கள் எதுவும் சொல்லவே இல்லை' என்று அரசுத் தரப்பு சொன்னால், காட்டுவதற்கு உங்களிடம் இருக்கப்போவது அந்தத் தாள்தான்.